பாலைநிலப் படர்பூவுக்குப் பெயர் தந்தவர்: பீட்டர் ஃபோர்ஸ்கோல் வாழ்க்கையும் மூலிகை விவசாயிகளுக்கான பாடமும்

ராஜஸ்தான், குஜராத் மாநிலங்களின் வறண்ட மணல் நிலங்களில் தரையோடு தரையாகப் படரும் ஒரு சிறு செடி உண்டு. தண்டிலும் இலையிலும் மெல்லிய ரோமம் படர்ந்திருக்கும். இலை குறுகலாக இருக்கும். காலையில் வெள்ளை அல்லது வெளிர் ரோஜா நிறத்தில், சிறு புனல் போலப் பூ விரியும். அடியில் கட்டை போன்ற வேர் ஆழமாக இறங்கி நிற்பதால், மேலே உள்ள கிளைகள் கோடையில் காய்ந்துபோனாலும் அடுத்த மழைக்கு மறுபடி துளிர்க்கும். வடஇந்தியாவில் இதை ஷங்கபுஷ்பி என்கிறார்கள். ஞாபகசக்திக்கான ஆயுர்வேத மருந்துகளில் சேரும் மூலிகை என்பதால் இதற்கு நல்ல சந்தை இருக்கிறது.

இதன் தாவரவியல் பெயர் கன்வால்வுலஸ் புரோஸ்ட்ரேட்டஸ். லத்தீன் மொழியில் புரோஸ்ட்ரேட்டஸ் என்றால் தரையில் படுத்துக் கிடப்பது என்று பொருள். நமது சர்க்கரைவள்ளிக் கிழங்கு, வள்ளைக்கீரை, கடற்கரை மணலில் படரும் அடும்பு, ஏரி குளங்களை அடைத்துக்கொள்ளும் நெய்வேலி காட்டாமணக்கு, தரிசில் நீலமாகப் பூக்கும் விஷ்ணுகிராந்தி எல்லாமே இதே குடும்பம்தான்.

இந்தச் செடிக்கு அந்தப் பெயரைத் தந்தவர் பீட்டர் ஃபோர்ஸ்கோல். சேலம், தருமபுரி பக்கம் மருந்துக்கூர்க்கன் பயிரிட்ட விவசாயிகளுக்கு இந்தப் பெயர் புதிதாக இருக்காது. ஒப்பந்தத் தாளில் கோலியஸ் ஃபோர்ஸ்கோலி என்று அச்சடித்திருப்பதைப் பார்த்திருப்பார்கள். அந்த ஃபோர்ஸ்கோலி இவர்தான். 31 வயதில் இறந்துபோனவர். ஆனாலும் அவர் எழுதி வைத்த குறிப்புகளால் 250 ஆண்டுகளுக்குப் பிறகும் அவருடைய பெயர் நமது வயல்வரை வந்திருக்கிறது. மூலிகை சேகரிப்பவர்களும் சாகுபடி செய்பவர்களும் தெரிந்துகொள்ள வேண்டிய வாழ்க்கை அவருடையது.

பாதிரியார் வீட்டுப் பிள்ளை

ஃபோர்ஸ்கோல் 1732-ஆம் ஆண்டு ஜனவரி 11-ஆம் தேதி ஹெல்சின்கி நகரில் பிறந்தார். இன்று அது பின்லாந்தின் தலைநகரம். அன்று அந்தப் பகுதி ஸ்வீடன் ஆட்சியில் இருந்தது. அப்பா கிறிஸ்தவப் பாதிரியார். பையனுக்கு ஒன்பது வயது இருக்கும்போது குடும்பம் ஸ்வீடனுக்குக் குடிபெயர்ந்தது. அங்கே உப்சாலா பல்கலைக்கழகத்தில் 10 வயதிலேயே அவர் பெயர் பதிவானது. அந்தக் காலத்தில் படித்த குடும்பங்களில் இப்படிச் சிறு வயதிலேயே பெயர் பதிவது உண்டு.

உப்சாலாவில் அப்போது பாடம் நடத்திக்கொண்டிருந்தவர் கார்ல் லின்னேயஸ். செடி, கொடி, விலங்கு எல்லாவற்றுக்கும் இரண்டு சொல் கொண்ட பெயர் வைக்கும் முறையை நிலைநாட்டியவர் இவர். ஊரில் ஒரே செடிக்குப் பத்துப் பெயர் இருக்கும், ஒரே பெயரில் பத்துச் செடி இருக்கும். அந்தக் குழப்பத்தைத் தீர்க்க லின்னேயஸ் கண்ட வழி அது. நம் நெல்லுக்கு ஒரைசா சட்டைவா என்று பெயர் வைத்தவரும் அவரே.

லின்னேயஸ் மாணவர்களை வகுப்பறைக்குள் மட்டும் வைத்துப் பாடம் நடத்தவில்லை. காடு மேடு என்று அழைத்துப் போனார். செடியைப் பறித்து, பூவைப் பிரித்து, இதழும் மகரந்தத்தாளும் எண்ணப் பழக்கினார். பிறகு தன் மாணவர்களை உலகின் பல மூலைகளுக்கும் அனுப்பினார். அவர்களில் பலர் உயிரோடு திரும்பவில்லை. இளைஞர் ஃபோர்ஸ்கோல் இந்தப் பயிற்சியில் வளர்ந்தார். அதோடு அரபு, எபிரேயம் போன்ற கிழக்கு நாட்டு மொழிகளையும் படித்தார். பிற்காலத்தில் அவருக்குச் செடியறிவைப் போலவே இந்த மொழியறிவும் கைகொடுத்தது.

தடை செய்யப்பட்ட சிறு நூல்

1753-ஆம் ஆண்டு ஜெர்மனியின் கோட்டிங்கன் நகருக்கு மேற்படிப்புக்குச் சென்றார். அங்கே மைக்கேலிஸ் என்ற பேராசிரியரிடம் படித்தார். 1756-ல் ஆய்வுக் கட்டுரையை முடித்துக்கொண்டு ஊர் திரும்பினார்.

திரும்பி வந்தவருக்கு நாட்டு நிலைமை பிடிக்கவில்லை. சில குடும்பங்களுக்கு மட்டும் சலுகை, எழுதுவதற்குத் தணிக்கை, தொழில் செய்வதற்குத் தடை என்று இருந்தது. மக்களின் உரிமை பற்றி ஒரு சிறு நூல் எழுதினார். ஆட்சியாளர்களின் தவறுகளை மக்கள் அச்சமின்றி எழுத முடிந்தால்தான் நாடு நன்றாக இருக்கும் என்பது அதன் சாரம். 1759-ஆம் ஆண்டு, தணிக்கையில் சில பகுதிகள் வெட்டப்பட்ட பிறகு அது அச்சானது.

500 படிகளை அவரே மாணவர்களிடமும் நண்பர்களிடமும் கொடுத்துவிட்டார். அரசு உடனே தடை போட்டது. கொடுத்த படிகளைத் திரும்ப வாங்கும் பொறுப்பு பல்கலைக்கழகத் தலைவரிடம் வந்தது. அந்த நேரத்தில் தலைவர் வேறு யாருமல்ல, அவருடைய ஆசிரியர் லின்னேயஸ்தான். திரும்பி வந்தவை 79 படிகள் மட்டுமே. மற்றவை மக்கள் கையிலேயே தங்கிவிட்டன. ஏழு ஆண்டு கழித்து, 1766-ல் ஸ்வீடன் அச்சுரிமைக்குச் சட்டம் இயற்றியது. அதைப் பார்க்க ஃபோர்ஸ்கோல் உயிரோடு இல்லை.

டென்மார்க் மன்னரின் பயணக் குழு

ஸ்வீடனில் வழி அடைபட்ட நேரத்தில் டென்மார்க்கிலிருந்து அழைப்பு வந்தது. அரேபியாவுக்கு ஒரு அறிஞர் குழுவை அனுப்ப டென்மார்க் மன்னர் ஐந்தாம் பிரெடரிக் முடிவு செய்திருந்தார். யோசனை சொன்னவர் பழைய ஆசிரியர் மைக்கேலிஸ். பைபிளில் வரும் செடிகள், விலங்குகள், ஊர்கள் பற்றிய சந்தேகங்களை நேரில் போய்த் தீர்க்க வேண்டும் என்பது அவர் எண்ணம்.

இதில் நமது மண்ணுக்கும் ஒரு தொடர்பு இருக்கிறது. அன்று தரங்கம்பாடி டென்மார்க் வசம் இருந்தது. அங்கிருந்தே அரேபியாவுக்கு ஆள் அனுப்பலாம் என்பதுதான் மைக்கேலிஸ் முதலில் சொன்ன திட்டம். பிறகு திட்டம் பெரிதாகி, பாதையும் மாறியது. எகிப்து வழியாகப் போவது என்று முடிவானது.

குழுவில் ஆறு பேர். மொழி அறிஞர் ஃபான் ஹாவன், நில அளவையாளர் கார்ஸ்டன் நீபூர், மருத்துவர் கிராமர், ஓவியர் பௌரன்ஃபைண்ட், பணியாள் பெர்க்கிரென், இயற்கை ஆய்வாளர் ஃபோர்ஸ்கோல். இவர்களில் நீபூர் ஒரு விவசாயியின் மகன். குழுவுக்குத் தலைவர் கிடையாது, எல்லோரும் சமம் என்பது அரசு உத்தரவு. ஃபோர்ஸ்கோல் பிடிவாதக்காரர். பேராசிரியர் பதவி தந்தால்தான் வருவேன் என்று கேட்டு வாங்கிக்கொண்டார். ஃபான் ஹாவனுக்கும் அவருக்கும் கடைசிவரை ஒத்துப்போகவில்லை.

1761-ஆம் ஆண்டு ஜனவரி மாதம் கோபன்ஹேகன் துறைமுகத்திலிருந்து கிரீன்லாந்து என்ற போர்க்கப்பல் புறப்பட்டது. புயலில் பலமுறை திரும்பி வர நேர்ந்தது. பிறகு பிரான்சின் மார்சேய், மால்டா தீவு, துருக்கியின் கான்ஸ்டாண்டிநோபிள் வழியாக, அந்த ஆண்டு செப்டம்பர் மாதம் எகிப்தின் அலெக்சாண்டிரியாவை அடைந்தார்கள். கப்பல் நின்ற ஒவ்வொரு இடத்திலும் ஃபோர்ஸ்கோல் கரையேறிச் செடி சேகரித்தார்.

எகிப்தில் ஓராண்டு

எகிப்தில் ஏறக்குறைய ஓராண்டு தங்கினார்கள். பாலைவனத்துக்குள் வெளிநாட்டுக்காரர் தனியாகப் போவது அன்று ஆபத்து. ஃபோர்ஸ்கோல் உள்ளூர் மக்களைப் போல எளிய உடை உடுத்திக்கொண்டு போனார். அப்படியும் ஒருமுறை வழிப்பறிக்காரர்கள் அவர் உடைமைகளைப் பறித்துக்கொண்டார்கள். அதற்குப் பிறகும் அவர் வெளியே போவதை நிறுத்தவில்லை.

அவர் வேலை செய்த விதத்தை விவசாயிகள் கவனிக்க வேண்டும். ஒரு செடியைப் பார்த்தால் முதலில் அங்குள்ளவர்களிடம் அதன் பெயர் கேட்டார். அரபு மொழி தெரியும் என்பதால் ஆட்டு இடையரிடமும், விவசாயியிடமும், சந்தையில் மூலிகை விற்பவரிடமும் அவரால் நேரடியாகப் பேச முடிந்தது. பெயரைக் கேட்டபடியே எழுதிக்கொண்டார். எதற்குப் பயன்படுகிறது, எந்த மண்ணில் வளர்கிறது, சமவெளியிலா மலையிலா, கால்நடை மேயுமா என்பதையும் குறித்தார். பிறகு செடியைத் தாளுக்கு நடுவே வைத்து அழுத்தி உலர்த்தினார். விதை கிடைத்தால் விதையும் சேர்த்தார்.

அன்றைய ஐரோப்பிய அறிஞர்கள் பலர் செடியை மட்டும் கொண்டுபோனார்கள். அந்த ஊர் மக்கள் அதைப்பற்றி என்ன அறிந்திருக்கிறார்கள் என்பதை இவ்வளவு அக்கறையோடு பதிவு செய்தவர்கள் குறைவு.

ஏமன் மலைகளில்

1762 அக்டோபரில் சூயஸ் துறைமுகத்திலிருந்து ஹஜ் பயணிகளோடு சேர்ந்து செங்கடலில் புறப்பட்டார்கள். ஜெட்டா வழியாக, டிசம்பர் 29-ஆம் தேதி ஏமன் நாட்டின் லுஹையா துறைமுகத்தில் இறங்கினார்கள். அங்குள்ள ஆளுநர் அன்பாக வரவேற்றார். பிறகு பைத் அல் ஃபகீ என்ற ஊரைத் தங்குமிடமாக வைத்துக்கொண்டு சுற்றுப்புற மலைகளுக்குப் போய்வந்தார்கள். அன்று உலகச் சந்தைக்குக் காப்பிக்கொட்டை போய்க்கொண்டிருந்த ஊர் அது.

ஏமன் மலைகளில் சரிவை வெட்டிப் படிப்படியாக அமைத்த வயல்கள் உண்டு. கல் அணை கட்டி மண்ணைப் பிடித்து, மழைநீரை ஒவ்வொரு படியாக இறக்கிக் காப்பி வளர்த்தார்கள். ஃபோர்ஸ்கோல் அடிவாரத்தின் சுடுமணலிலிருந்து மலை உச்சி வரை ஏறி இறங்கினார். எந்த உயரத்தில் எந்தச் செடி முடிகிறது, எது தொடங்குகிறது என்று குறித்தார். செடிகளின் பரவலை உயரத்தோடு இணைத்துப் பார்த்த முன்னோடிகளில் அவரும் ஒருவர்.

மெக்கா பால்சம் என்ற வாசனைப் பிசின் தரும் மரம் எப்படி இருக்கும் என்று ஐரோப்பாவில் யாருக்கும் சரியாகத் தெரியாது. லின்னேயஸ் அதை அறிய நெடுநாள் ஆசைப்பட்டார். 1763-ல் ஏமனில் பூத்து நின்ற அந்த மரத்தை ஃபோர்ஸ்கோல் கண்டுபிடித்தார். ஒரு கிளையை ஆசிரியருக்கு அனுப்பி வைத்தார்.

மோக்காவில் தொடங்கிய துயரம்

1763 ஏப்ரலில் மோக்கா துறைமுகத்துக்கு வந்தார்கள். அங்கே சுங்க அதிகாரிகள் பெட்டிகளைத் திறந்தார்கள். சாராயத்தில் ஊறவைத்த மீன்களின் நாற்றம் கிளம்பியதும் சந்தேகம் வந்துவிட்டது. மாதக்கணக்கில் பாடுபட்டுச் சேர்த்தவை வீசியெறியப்பட்டன. பல பொருட்கள் முடக்கப்பட்டன. அவற்றை மீட்கப் பல நாள் அலைய வேண்டியதாயிற்று.

அதற்குள் காய்ச்சல் பிடித்தது. மே 25-ஆம் தேதி ஃபான் ஹாவன் இறந்தார். மற்றவர்கள் மலைப்பாதையில் தலைநகர் சனாவை நோக்கிப் புறப்பட்டார்கள். வழியில் ஃபோர்ஸ்கோல் படுத்துவிட்டார். உட்காரக்கூட முடியாத நிலையில் ஒட்டகத்தின் மேல் ஏற்றிக் கொண்டுபோனார்கள். யாரீம் என்ற ஊரில், ஜூலை 11-ஆம் தேதி அவர் உயிர் பிரிந்தது. வயது 31. அங்கேயே புதைத்தார்கள்.

அவரைக் கொன்றது மலேரியா. கொசுவால் அது பரவுகிறது என்பது அன்று எந்த மருத்துவருக்கும் தெரியாது.

மிஞ்சியவர்கள் மோக்காவில் கப்பலேறிப் பம்பாய்க்குப் புறப்பட்டார்கள். ஓவியரும் பணியாளும் நடுக்கடலில் இறந்தார்கள். மருத்துவர் கிராமர் 1764-ல் பம்பாயில் இறந்தார். ஆறு பேரில் எஞ்சியவர் விவசாயி மகன் நீபூர் மட்டுமே.

நண்பர் காப்பாற்றிய காகிதங்கள்

நீபூர் தனியாளாகப் பாரசீகம், ஈராக், சிரியா, துருக்கி வழியாகப் பயணம் செய்து 1767-ல் கோபன்ஹேகன் திரும்பினார். பயணத்தை அனுப்பிய மன்னர் முந்தைய ஆண்டே இறந்துபோயிருந்தார். புதிய ஆட்சியில் இதைப்பற்றிக் கேட்க ஆளில்லை. ஃபோர்ஸ்கோல் அனுப்பிய பெட்டிகளில் பல பாழாகியிருந்தன.

நீபூர் தாவரவியல் படித்தவர் அல்ல. இருந்தாலும் இறந்த நண்பரின் உழைப்பு மண்ணோடு போகக் கூடாது என்று நினைத்தார். குறிப்புகளை ஒழுங்குபடுத்த ஏற்பாடு செய்து, 1775-ஆம் ஆண்டு எகிப்து, அரேபியத் தாவரங்கள் பற்றிய நூலை வெளியிட்டார். அதே ஆண்டு விலங்குகள் பற்றிய நூலும், அடுத்த ஆண்டு ஓவியர் வரைந்த படங்களும் வந்தன. கன்வால்வுலஸ் புரோஸ்ட்ரேட்டஸ் என்ற நமது பாலைநிலப் படர்பூ முதன்முதலாக அச்சில் ஏறியது அந்தத் தாவர நூலில்தான். ஃபோர்ஸ்கோல் உலர்த்தி வைத்த செடிகளில் ஆயிரத்துக்கும் மேற்பட்டவை இன்றும் கோபன்ஹேகனில் பாதுகாப்பாக உள்ளன.

லின்னேயஸ் தன் மாணவரின் நினைவாக ஒரு செடிக்கு ஃபோர்ஸ்கோலியா டெனாசிசிமா என்று பெயர் வைத்தார். வறண்ட நிலத்தில் வளரும் அந்தச் செடி, தொட்டால் துணியில் ஒட்டிக்கொண்டு விடாது. டெனாசிசிமா என்றால் மிகவும் விடாப்பிடியானது என்று பொருள். மாணவரின் குணம் ஆசிரியருக்கு நன்றாகத் தெரிந்திருந்தது.

நம் வேலியோரத்தில் அரபுப் பெயர்கள்

ஃபோர்ஸ்கோல் பல செடிகளுக்கு உள்ளூர் மக்கள் சொன்ன அரபுப் பெயரையே தாவரவியல் பெயராக்கினார். அவற்றில் சில நமது நிலத்திலேயே நிற்கின்றன.

பொங்கலுக்குக் காப்புக் கட்டப் பயன்படுத்தும் சிறுபூளையின் தாவரவியல் பெயர் ஏர்வா லனேட்டா. இதில் ஏர்வா என்பது ஃபோர்ஸ்கோல் அரபிலிருந்து எடுத்த பெயர். வேலிப்பருத்தி என்கிற உத்தாமணிக்கு பெர்குலேரியா டெமியா என்று பெயர். டெமியா அவர் தந்தது. விழுதிச் செடியின் கடாபா, பூமிச்சர்க்கரைக் கிழங்கின் மேருவா, உப்பளக் கரையில் வளரும் உமிரியின் சுவேடா ஆகிய பெயர்களும் அரபு மக்கள் வாயிலிருந்து வந்தவையே.

மருந்துக்கூர்க்கனுக்கு அவர் நினைவாகப் பிற்காலத்தவர் ஃபோர்ஸ்கோலி என்று பெயரிட்டார்கள். அதன் கிழங்கிலிருந்து 1970-களில் இந்தியாவில் பிரித்தெடுத்த மருந்துப் பொருளும் ஃபோர்ஸ்கோலின் என்று அழைக்கப்படுகிறது. இப்போது தாவரவியலார் அந்தப் பயிரை கோலியஸ் பார்பேட்டஸ் என்கிறார்கள். விவசாயிகளும் வியாபாரிகளும் பழைய பெயரையே சொல்கிறார்கள். இரண்டும் ஒரே பயிர்தான்.

பெயர் தவறினால் பணம் போகும்

ஃபோர்ஸ்கோல் ஏன் பெயரிலும் குறிப்பிலும் அவ்வளவு கவனமாக இருந்தார் என்பதை ஷங்கபுஷ்பி சந்தையைப் பார்த்தால் புரிந்துகொள்ளலாம். இந்தப் பெயரில் குறைந்தது மூன்று வேறு செடிகள் சந்தையில் விற்கப்படுகின்றன.

முதலாவது, கன்வால்வுலஸ் புரோஸ்ட்ரேட்டஸ். அரசின் ஆயுர்வேதத் தர நூல் ஷங்கபுஷ்பி என்று ஏற்பது இதையே. அந்த நூலிலும் வியாபாரத்திலும் கன்வால்வுலஸ் புளூரிகாலிஸ் என்ற இதன் மற்றொரு பெயர் இருக்கும். பூ வெள்ளை அல்லது வெளிர் ரோஜா, புனல் வடிவம்.

இரண்டாவது, நமது ஊர் விஷ்ணுகிராந்தி. தாவரவியல் பெயர் எவால்வுலஸ் அல்சினாய்ட்ஸ். இதுவும் தரையில் படரும், ரோமம் உண்டு. ஆனால் பூ சிறியது, தட்டையாக விரியும், பெரும்பாலும் நீல நிறம். பூவின் நடுவில் இரண்டு சூல்தண்டுகள் இருக்கும், ஒவ்வொன்றும் மேலும் இரண்டாகப் பிரியும். கன்வால்வுலஸ் பூவில் ஒரே சூல்தண்டு, அதன் நுனியில் மட்டும் இரண்டு பிரிவு. நிறத்தை மட்டும் நம்ப வேண்டாம், விஷ்ணுகிராந்தியில் வெள்ளைப் பூவும் வரும். ஒரு சாதாரணக் கைலென்ஸ் இருந்தால் இந்த வித்தியாசத்தைப் பார்த்துவிடலாம்.

மூன்றாவது, சங்குப்பூ. கேரளாவிலும் தென்னிந்தியாவின் பிற பகுதிகளிலும் இதைத்தான் பலர் சங்குபுஷ்பம் என்கிறார்கள். இது அவரைக் குடும்பம். சுற்றி ஏறும் கொடி, காய் நெற்றாக இருக்கும். படர்பூவுக்கும் இதற்கும் எந்த உறவும் இல்லை.

சங்குபுஷ்பம் வேண்டும் என்று ஒருவர் வாய்வார்த்தையாகச் சொன்னதை நம்பி ஒரு ஏக்கரில் சங்குப்பூ போட்டு, கடைசியில் அவர் கேட்டது வேறு செடி என்றால் நஷ்டம் யாருக்கு? சரக்கு ஆய்வகச் சோதனையில் தள்ளுபடியானால் லாரி வாடகையும் விவசாயி தலையில்தான் விழும்.

விவசாயிகள் செய்ய வேண்டியவை

1. மூலிகை ஒப்பந்தம் போடும்போது ஊர்ப் பெயரோடு தாவரவியல் பெயரையும் எழுதச் சொல்லுங்கள். அதைத் தமிழிலும் குறித்துக்கொள்ளுங்கள். வேரா, இலையா, முழுச் செடியா, எவ்வளவு ஈரப்பதம் வரை ஏற்பார்கள் என்பதும் தாளில் இருக்க வேண்டும்.

2. விதையோ நாற்றோ வாங்கினால் முதலில் சிறு பாத்தியில் போட்டுப் பூக்கும்வரை பாருங்கள். பூவைப் பார்த்து உறுதி செய்த பிறகு பரப்பை அதிகப்படுத்துங்கள்.

3. பூவும் காயும் வேரும் உள்ள ஒரு முழுச் செடியை எடுத்து, மண்ணை உதறி, பழைய செய்தித்தாளுக்கு நடுவே விரித்து வையுங்கள். மேலே கனமான பலகை அல்லது கல் வையுங்கள். தினமும் தாளை மாற்றினால் ஒரு வாரம், பத்து நாளில் நன்றாக உலர்ந்துவிடும். ஃபோர்ஸ்கோல் செய்ததும் இதே வேலைதான்.

4. அதோடு ஒரு துண்டுத் தாளில் ஊர், தேதி, மண் வகை, பூவின் நிறம், ஊரில் சொல்லும் பெயர், பயன் ஆகியவற்றை எழுதி ஒட்டுங்கள். உலர்ந்தால் பூவின் நிறம் மாறிவிடும் என்பதால் பச்சையாக இருக்கும்போதே எழுதிவிட வேண்டும்.

5. சந்தேகம் இருந்தால் அந்த மாதிரியை அருகிலுள்ள வேளாண் அறிவியல் நிலையத்திலோ, கல்லூரித் தாவரவியல் துறையிலோ காட்டுங்கள். கோவையில் தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகத்தின் மருந்து மற்றும் நறுமணப் பயிர்கள் துறையும், இந்தியத் தாவரவியல் ஆய்வகத்தின் தென்மண்டல மையமும் உள்ளன.

6. சரக்கு அனுப்பும்போது ஒவ்வொரு தவணையிலும் ஒரு பிடி மாதிரியைத் தேதியிட்டு எடுத்து வையுங்கள். பிரச்சினை வந்தால் உங்கள் பக்கச் சாட்சி அதுதான்.

7. தரிசில் தானாக வளரும் விஷ்ணுகிராந்தியைச் சேகரிப்பவர்கள் எல்லாவற்றையும் வேரோடு பிடுங்கிவிட வேண்டாம். விதை முற்றிய செடிகளில் ஒரு பகுதியை அப்படியே விட்டால்தான் அடுத்த மழைக்கும் கிடைக்கும்.

8. ஊரில் எந்தச் செடிக்கு என்ன பெயர், எதற்குப் பயன் என்று தெரிந்த பெரியவர்கள் இருக்கும்போதே கேட்டு எழுதுங்கள். 2002-ஆம் ஆண்டின் உயிரியல் பன்முகத்தன்மைச் சட்டப்படி உள்ளாட்சி அளவில் மக்கள் பல்லுயிர்ப் பதிவேடு தயாரிக்க வேண்டும். உங்கள் ஊராட்சியில் அது எந்த நிலையில் இருக்கிறது என்று கேளுங்கள். உங்களுக்குத் தெரிந்த செடிகளைப் பதிவு செய்யச் சொல்லுங்கள்.

கடைசி யோசனை மிக முக்கியம். ஃபோர்ஸ்கோலிடம் பெயர் சொன்ன அந்த ஏமன் இடையரும் விவசாயியும் யாரென்று நமக்குத் தெரியாது. அவர்கள் சொன்ன சொல் மட்டும் இன்று நம் பொங்கல் காப்புப் பூவின் பெயரில் இருக்கிறது. ஒருவர் கேட்டார், எழுதினார். இன்னொருவர் அந்தக் காகிதத்தைப் பத்திரமாக ஊர் கொண்டுபோய்ச் சேர்த்தார். நம் ஊர்ச் செடிகளைப் பற்றி நம் பெரியவர்களுக்குத் தெரிந்ததை எழுதி வைக்க வெளிநாட்டிலிருந்து யாரும் வர வேண்டியதில்லை. ஒரு நோட்டுப் புத்தகமும் பேனாவும் போதும். இந்த மழைக்காலத்தில், செடிகள் பூத்திருக்கும்போதே தொடங்கிவிடுங்கள்.